கேட்காமல் வந்த மூப்பு

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டிவியில் ‘குடியிருந்த கோயில்’ ஓடிக்கொண்டிருந்தது. பெரியம்மா முறத்தை மடியில் வைத்துக் கீரை ஆய்ந்தபடி பார்த்துக்கொண்டிருந்தார். பண்டரிபாய் வந்து கண்ணைத் துடைத்துக்கொண்டதும், “இவளுக்கு அப்போ என்ன வயசு இருக்கும்?” என்றார். கைபேசியில் தேடிச் சொன்னேன். படம் வந்தது 1968இல். எம்.ஜி.ஆருக்கு அப்போது 51. அவரைப் பெற்றவளாக நடித்த பண்டரிபாய்க்கு நாற்பது நிரம்பவில்லை.

“பெத்த புள்ளையைவிடப் பத்து வயசு இளையவளா?” என்றார் பெரியம்மா. அவர் சிரிப்பார் என்று எதிர்பார்த்தேன். சிரிக்கவில்லை. கீரைத் தண்டை நறுக்கென்று ஒடித்துப் போட்டார்.

இதே பண்டரிபாய் 1952இல் ‘பராசக்தி’யில் சிவாஜிக்கு ஜோடி. 1969இல் ‘தெய்வ மக’னில் ஒரு சிவாஜிக்கு மனைவி, இரண்டு சிவாஜிகளுக்கு அம்மா. நிஜத்தில் பண்டரிபாயும் சிவாஜியும் கிட்டத்தட்ட ஒரே வயதுக்காரர்கள். காதோரம் கொஞ்சம் வெள்ளை, தோளைச் சுற்றிய முந்தானை, தேவைப்பட்டால் ஓர் இருமல். அவ்வளவுதான், அம்மா தயார். வில்லன் நம்பியார் கட்டிப்போடுவதற்குத் தோதாக ஒரு தூணும் வேண்டும்.

எல்லா அம்மாக்களும் இப்படி இருந்தார்கள் என்று சொல்ல முடியாது. கண்ணாம்பா 1911இல் பிறந்தவர். 1954இல் ‘மனோகரா’வில் சிவாஜியின் தாயாக நின்றபோது அந்த உறவுக்கு ஏற்ற வயது வித்தியாசம் இருந்தது. அதைவிட முக்கியம், அவர் அழுவதற்கு மட்டும் வந்த அம்மா இல்லை. கடைசிக் காட்சியில் சங்கிலியில் கிடக்கும் மகனுக்கு உத்தரவு போடுகிறவர் அவர்தான். அந்தக் குரலுக்குக் கொட்டகையே எழுந்து நின்றதாக என் தாத்தா சொல்வார். தாத்தா எதையும் கூட்டித்தான் சொல்வார், இருந்தாலும் இதை நம்பலாம்.

அதற்கு முந்தைய வருடம் ஜெமினியிலிருந்து வந்தது ‘ஔவையார்’. எஸ்.எஸ்.வாசன் பெரும் பணம் போட்டு எடுத்த படம். நாயகி வேடம் கே.பி.சுந்தராம்பாளுக்கு. ஒரு கிழவியை நடுவில் நிறுத்தி, யானையும் கூட்டமுமாகத் தமிழ்நாடே திரண்டு பார்த்த படம் அது. வயதான பெண் கதையின் நடுவில் நிற்பது ஏதோ நேற்றுக் கண்டுபிடித்த புதுமை என்று யாராவது சொன்னால் 1953ஐ நினைவூட்ட வேண்டும்.

ஆனால் ஔவையின் கதையையே கொஞ்சம் உற்றுப் பாருங்கள். கல்யாணத்துக்கு நாள் குறிக்கப்போகிறார்கள் என்றதும் இளம்பெண் பிள்ளையாரிடம் போய் நிற்கிறாள். ‘என் இளமையை எடுத்துக்கொள்’ என்கிறாள். ஒரு நொடியில் கூந்தல் நரைத்துக் கிழவியாகிறாள். இருபதிலிருந்து எழுபதுக்கு ஒரே தாவல். இடையில் முப்பது இல்லை, நாற்பது இல்லை, ஐம்பது இல்லை. ஊர் ஊராகத் தனியே நடக்கவும் அரசர்களுக்குப் புத்தி சொல்லவும் அவளுக்கு அந்தத் தாவல் தேவைப்பட்டது. பிள்ளையார் அவளுக்குச் செய்ததைத்தான் தமிழ் சினிமா தன் நடிகைகளுக்கு ஐம்பது வருடம் செய்தது. அவள் கேட்டு வாங்கினாள், இவர்கள் யாரும் கேட்கவில்லை.

நான் வளர்ந்தது ரஜினி காலத்தில். அவரை வைத்தே கணக்குப் போட்டுப் பார்க்கிறேன். அவர்மேல் குறை சொல்ல இல்லை, கணக்குக்கு வசதி. 1975இல் ‘அபூர்வ ராகங்கள்’. அவருடைய முதல் படம். கேட்டைத் திறந்துகொண்டு வருகிறவர், ஸ்ரீவித்யாவை விட்டுப் பிரிந்துபோன கணவர். அந்தப் படத்தில் ஸ்ரீவித்யா வளர்ந்த பெண்ணுக்குத் தாய். நிஜத்தில் அவருக்கு வயது 22, மகளாக வந்த ஜெயசுதாவைவிட ஐந்தாறு வயதுதான் மூத்தவர். சரி, பாலசந்தரின் கதையே வயதுக் குழப்பத்தைப் பற்றியதுதானே என்று விட்டுவிடலாம். 1991இல் ‘தளபதி’. இப்போது அதே ஸ்ரீவித்யா ரஜினியைப் பெற்ற தாய். கூட்ஸ் ரயிலில் விட்ட குழந்தை வளர்ந்து நிற்கிறான். குழந்தைக்கு வயது 40, தாய்க்கு 38.

இடையே 1989இல் ‘மாப்பிள்ளை’. அதில் ஸ்ரீவித்யா ரஜினிக்கு மாமியார்.

சுஜாதாவை எடுத்துக்கொள்ளுங்கள். 1977இல் ‘அவர்க’ளில் ரஜினியின் கொடுமைக்கு ஆளாகும் மனைவி, 2002இல் ‘பாபா’வில் அவருக்கே அம்மா. லட்சுமி 1980இல் ‘பொல்லாதவ’னில் ஜோடி, அடுத்த வருடம் ‘நெற்றிக்க’ண்ணில் மனைவி, 1999இல் ‘படையப்பா’வில் அம்மா. இருவரும் ரஜினியைவிட இரண்டு வயது சின்னவர்கள். ‘அருணாசல’த்தில் வடிவுக்கரசி கூன் முதுகோடு பாட்டியாகவே வந்துவிட்டார். எதிர்த்திசையிலும் வண்டி ஓடியது. 1984இல் ‘அன்புள்ள ரஜினிகாந்த்’ படத்தில் ‘அங்கிள்’ என்று சுற்றி வந்த குழந்தை மீனா, 1993இல் ‘எஜமா’னில் அவருக்கு மனைவி. குழந்தை, மனைவி, அம்மா, பாட்டி என்று பெண்கள் எல்லோரும் செக்கு மாடாகச் சுற்றி வர, நடுவில் ஒருவர் மட்டும் உரலாக அசையாமல் நின்றார்.

இதில் உச்சம் 1976இன் ‘மூன்று முடிச்சு’. ஸ்ரீதேவி தன்னைப் பாடாய்ப்படுத்தும் ரஜினிக்குப் பாடம் புகட்ட, அவருடைய தந்தையையே மணந்து சித்தியாகிறார். அப்போது ஸ்ரீதேவிக்கு வயது 13. மகனுக்கு 25.

அம்மா வேடத்தின் வயதை நடிகையின் பிறந்த தேதி முடிவு செய்யவில்லை என்பது இப்படிப் பார்த்தால் தெளிவாகிறது. கதாநாயகனுக்குப் பக்கத்தில் இன்னும் இளைய ஒருத்தி வந்து நின்றதும், பழையவள் ஒரு தலைமுறை தள்ளி உட்கார வேண்டியதுதான். கமலா காமேஷ் போன்றவர்கள் ஜோடி வரிசைக்கே போகாமல் நேராக அம்மா நாற்காலிக்கு வந்தார்கள். ‘அலைகள் ஓய்வதில்லை’யில் கார்த்திக்கின் தாயாக அவர் நடித்தபோது முப்பதைத் தொடவில்லை.

நடு வயதுப் பெண்ணுக்குத் தனக்கென்று ஓர் ஆசை இருந்ததே இல்லையா? இருந்தது, சிரிப்புக்காக. 1990இல் ‘நடிகன்’ படத்தில் கிழவன் வேஷம் போட்ட சத்யராஜ் மேல் மனோரமா மயங்குவார். கொட்டகை உருண்டு புரண்டு சிரித்தது. நானும்தான் சிரித்தேன். மனோரமா எதைச் செய்தாலும் அதில் ஓர் உண்மை இருக்கும், அதனால் அந்தச் சிரிப்பு இன்று லேசாக உறுத்துகிறது. அறுபது வயது நாயகன் இருபது வயதுப் பெண்ணோடு சுவிட்சர்லாந்தில் ஆடினால் அது காதல், ஐம்பது வயதுக்காரி ஒருத்தி கண்ணாடி முன் கொஞ்சம் அதிக நேரம் நின்றால் அது காமெடி டிராக்.

ஔவை தாண்டிப்போன அந்த நடுப்பகுதியை முதலில் நிரப்பியது சினிமா இல்லை, சீரியல். சீரியலைத் திட்டாத இலக்கியவாதி இல்லை, நானும் திட்டியிருக்கிறேன். ஆனாலும் 1999 டிசம்பரில் சன் டிவியில் ‘சித்தி’ தொடங்கியதை நினைத்துப் பார்க்கிறேன். ராதிகாவுக்கு அப்போது முப்பதுகளின் பின்பகுதி. ‘கிழக்கே போகும் ரயி’லில் வந்து இருபத்தோரு வருடம். சினிமாக் கணக்குப்படி அக்கா, அண்ணி, கொஞ்ச நாளில் அம்மா. அவரோ சித்தி என்றாலே கொடுமைக்காரி என்று கதை கேட்டு வளர்ந்த ஊரில், அந்தப் பெயரையே தலைப்பாக வைத்து ஒரு நல்லவளை நடுவில் நிறுத்தினார். எங்கள் தெருவில் டைட்டில் பாட்டு ஒரு வீட்டில் தொடங்கி அடுத்த வீட்டு ஜன்னல் வழியாகத் தொடர்ந்து வரும். பெரியம்மா வீட்டில் அந்த அரை மணி நேரம் யாருக்கும் தோசை கிடையாது.

தயாரிப்பும் ராதிகாவினுடையதே. ராடான் அவர் நிறுவனம். அந்நாளில் தயாரிப்பாளர்கள் சேனலுக்குப் பணம் கட்டி நேரத்தை வாங்கிக்கொண்டு, விளம்பரத்தைத் தாங்களே பிடித்துக்கொள்ளும் முறை நடப்பில் இருந்தது. விளம்பரம் தந்தவர்கள் யார்? சோப்பு, மசாலா, சேலைக்கடை, நகைக்கடை. அவற்றை வாங்குவது யார்? ரிமோட்டைக் கையில் வைத்திருந்த அதே நாற்பது வயதுப் பெண். சினிமாவில் டிக்கெட் எடுத்து விசிலடித்தவன் இளைஞன் என்பதால் அவன் வயதுக்கு நாயகன் கிடைத்தான். இங்கே வாங்குகிறவள் இவள் என்பதால் இவள் வயதுக்கு நாயகி கிடைத்தாள். பெண்ணியம் பேசி யாரும் கதவைத் திறக்கவில்லை. புளிக்காய்ச்சல் பாக்கெட்டும் துணி சோப்பும் திறந்தன.

அப்புறம் ‘அண்ணாமலை’, ‘செல்வி’, ‘அரசி’, ‘செல்லமே’. 2013இல் தொடங்கிய ‘வாணி ராணி’யில் ஐம்பதைத் தாண்டிய ராதிகா இரட்டை வேடம் போட்டார், ஒருத்தி வக்கீல், ஒருத்தி இல்லத்தரசி. இரட்டை வேடம் என்பது அதுவரை பெரும்பாலும் ஆண் நட்சத்திரத்துக்குக் கொடுக்கும் பட்டாபிஷேகம். தேவயானியின் ‘கோலங்கள்’ 2003 முதல் 2009 வரை ஓடியது. ரம்யா கிருஷ்ணன் ‘தங்கம்’, ‘வம்சம்’ என்று வருடக்கணக்கில் வீட்டுக்கூடத்தில் உட்கார்ந்திருந்தார். ‘பாகுபலி’யின் சிவகாமியைப் பார்த்து வடநாடு அசந்தபோது எங்கள் தெரு அசரவில்லை. அந்த அதட்டலைத் தினமும் ராத்திரி கேட்டுப் பழகியிருந்தது.

சீரியலின் பாவக் கணக்கும் சின்னதில்லை. ஒரு நல்ல மருமகளை நிறுத்த ஒரு கெட்ட மாமியார் வேண்டும் என்பதைச் சட்டமாகவே வைத்துக்கொண்டார்கள். உள்ளங்கை அகலப் பொட்டு, தூங்கும்போதும் கழற்றாத காசுமாலை, ஒரு முறைப்புக்கு மூன்று ஜூம். ஐம்பது வயதுப் பெண்ணுக்கு வேலை கிடைத்தது உண்மை, அந்த வேலை பாதி நேரம் பாலில் எதையாவது கலப்பது.

இதிலும் மெல்ல ஏதோ நகர்ந்திருக்கிறது. 2020இல் விஜய் டிவியில் தொடங்கி 2025இல் முடிந்த ‘பாக்கியலட்சுமி’யில் நாயகி மூன்று வளர்ந்த பிள்ளைகளின் தாய். அதிகம் படிக்காதவள். கணவனுக்கு இவளை நாலு பேர் முன் அறிமுகப்படுத்தவே கூச்சம். அவன் பழைய காதலியைத் தேடிப் போக, இவள் சமையலைத் தொழிலாக்கி, விவாகரத்து வாங்கி, தன் பெயரில் கணக்கு வைத்துக்கொண்டு நிற்கிறாள். மூலக்கதை வங்காளத்து ‘ஸ்ரீமொயீ’. அதுவே இந்தியில் ‘அனுபமா’வாகி இன்னும் பெரிதாக ஓடியது. ஒரே கதை இத்தனை மொழியில் ஓடுகிறதென்றால், சமையலறை மேடைக்கு முன்னால் நின்று தன்னை அடையாளம் கண்டவர்கள் எத்தனை பேர் என்று யோசிக்கலாம். கதை போகப்போக இழுவையானது என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

‘கோலங்கள்’ எடுத்த திருச்செல்வமே 2022இல் சன் டிவியில் ‘எதிர்நீச்ச’லைத் தொடங்கினார். ஆதி குணசேகரனாக வந்த மாரிமுத்துவின் அதட்டலைத்தான் எல்லோரும் பேசினார்கள். எனக்குப் பிடித்தது அந்த வீட்டு அப்பத்தா. பம்பாய் ஞானம், பெண்களை மட்டுமே வைத்து நாடகக் குழு நடத்தியவர், அந்த வேடத்தில் வந்தார். குடும்பச் சொத்தில் நாற்பது சதவீதப் பங்கு அப்பத்தாவின் பெயரில். அந்தக் கையெழுத்துக்காக ஒரு வீடு நிறைய ஆண்கள் மாதக்கணக்கில் தவித்தார்கள். வீட்டு மூலையில் வெற்றிலை இடிக்கிற கிழவியின் கட்டைவிரல் ரேகைக்கு இவ்வளவு சக்தி உண்டென்று சொத்துத் தகராறு நடந்த எந்தக் குடும்பத்துக்கும் தெரியும். சினிமாவுக்குத்தான் தெரியாமல் இருந்தது.

சினிமா பின்னால் வந்தது, தயங்கித் தயங்கி. ‘நாயக’னின் கதாநாயகி சரண்யா, 2010இல் ‘தென்மேற்குப் பருவக்காற்’றில் வீராயியாக வந்து சிறந்த நடிகைக்கான தேசிய விருது வாங்கினார். அம்மா வேடம்தான், ஆனால் அரிவாளைக் கையில் எடுக்கும் அம்மா. 2012இல் ‘இங்கிலிஷ் விங்கிலிஷ்’. பதிமூன்று வயதில் சித்தியாக நடிக்க வைக்கப்பட்ட ஸ்ரீதேவி 49 வயதில், தன் வயதுக்கு ஏறக்குறைய பொருந்துகிற ஒருத்தியாக, லட்டு பிடிக்கிற சசியாக வந்தார்.

2015இல் ‘36 வயதினிலே’. எட்டு வருடத்துக்குப் பிறகு ஜோதிகா. மஞ்சு வாரியர் தன் நீண்ட இடைவெளிக்குப் பின் நடித்த மலையாளப் படத்தின் தமிழ் வடிவம். எனக்கு அந்தப் படம் பிடிக்கும், தலைப்புதான் இடறுகிறது. முப்பத்தாறை ஒரு மைல்கல்லாக, ‘இந்த வயசிலுமா!’ என்கிற ஆச்சரியமாக வைக்க வேண்டியிருந்ததே. அதே வயதில் ஒரு நாயகன் கல்லூரிப் பையனாகப் பையை மாட்டிக்கொண்டு போவான்.

1994இன் ‘மகளிர் மட்டு’மில் மேலதிகாரியின் தொல்லையைச் சமாளித்த மூவரில் ஒருவர் ஊர்வசி. 2017இல் அதே பெயரில் பிரம்மா எடுத்த படத்திலும் ஊர்வசி இருந்தார், இம்முறை சரண்யா, பானுப்பிரியாவோடு. பள்ளிக்காலத் தோழிகளைப் பிள்ளைகள் தலையெடுத்த பிறகு ஒன்றுசேர்த்து ஊர் சுற்ற அழைத்துப் போகிறாள் வரப்போகும் மருமகள். இடையில் போன இருபத்துமூன்று வருடத்தை ஊர்வசி எப்படிக் கழித்தார் என்பது தனிக் கட்டுரைக்கான விஷயம். இந்த மாற்றத்தின் முழு உருவம் என்று ஒருவரைக் காட்டச் சொன்னால் அவரைத்தான் காட்டுவேன். ‘முந்தானை முடிச்சு’ அறிமுகம் 1983இல். ‘வீட்ல விசேஷ’த்தில் கல்யாண வயதில் மகன் இருக்கும்போது கர்ப்பமாகிற தாய். இந்தி மூலமான ‘பதாய் ஹோ’வில் இதே பாத்திரத்தைச் செய்தவர் நீனா குப்தா. அதற்கு முந்தைய வருடம்தான் அவர், தனக்கு வேலை வேண்டும் என்று சமூக ஊடகத்தில் வெளிப்படையாகவே எழுதியிருந்தார்.

பிறகு 2024இல் ‘ஜெ.பேபி’. மனம் பிசகி, எப்படியோ கொல்கத்தா வரை போய்விட்ட ஒரு வயதான தாய். பேசிக்கொள்ளாத இரண்டு மகன்கள் அவளைக் கூட்டிவரப் போகிறார்கள். ஊர்வசி அதில் தெய்வமாகவும் இல்லை, தியாகியாகவும் இல்லை. தொல்லை கொடுக்கிறார். அடம் பிடிக்கிறார். வீட்டில் இப்படி ஒருவரை வைத்துப் பார்த்துக்கொண்டவர்களுக்கு அந்த எரிச்சலும் அதன் அடியில் கிடக்கும் பாசமும் தெரியும். அதே வருடம் மலையாளத்தில் ‘உள்ளொழுக்கு’. வெள்ளம் வடியாததால் மகனை அடக்கம் செய்ய முடியாமல் காத்திருக்கும் தாய், எதிரே மருமகளாகப் பார்வதி. ஊர்வசிக்குத் தேசிய விருது கொடுத்தார்கள், துணை நடிகை என்று. இரண்டு பெண்களே முழுப் பாரத்தையும் சுமக்கும் கதையில் யாருக்கு யார் துணை என்பது எனக்கு விளங்கவில்லை.

‘சூப்பர் டீலக்ஸ்’ லீலாவைச் சொல்லாமல் போக முடியாது. எப்போதோ ஆபாசப் படத்தில் நடித்த ஒருத்தி. அதைத் தற்செயலாகப் பார்த்துவிட்ட மகன் உயிருக்குப் போராடிக்கொண்டிருக்கிறான். பழைய சினிமாவில் இவள் மன்னிப்புக் கேட்டு விஷம் குடித்திருப்பாள். ரம்யா கிருஷ்ணனின் லீலா பணத்துக்கு அலைகிறாள், டாக்டரோடு மல்லுக்கட்டுகிறாள், கணவனின் பக்தியோடு சண்டை போடுகிறாள். குனியவில்லை. இதே ரம்யா கிருஷ்ணன் 2023இல் ‘ஜெயில’ரில் ரஜினிக்கு மனைவியாக வந்தார். ‘படையப்பா’வில் நீலாம்பரியாக அவரோடு மோதி 24 வருடம் கழித்து, ஐம்பதைத் தாண்டிய பெண் சூப்பர் ஸ்டாருக்கு ஜோடி. ‘படையப்பா’ காலத்துக் கணக்கில் அம்மாவாகியிருக்க வேண்டியவர். ஆனால் நீலாம்பரியைப் பார்த்த கண்ணுக்கு, அந்த வீட்டில் பயந்துகொண்டே நடமாடுவதைத் தவிர அவருக்கு வேலை இல்லாதது வருத்தம்தான்.

இன்னொரு கணக்கு. ஸ்ரீவித்யா ரஜினிக்கு மனைவியிலிருந்து அம்மாவாகப் பதினாறு வருடம் ஆனது. 2004இல் ‘கில்லி’யில் விஜய்க்கு ஜோடியான திரிஷா, பத்தொன்பது வருடம் கழித்து 2023இல் ‘லியோ’விலும் விஜய்க்கு மனைவிதான். நாயகனுக்கும் காதோரம் நரை, இருவருக்கும் வளர்ந்த பிள்ளை. உரல் கொஞ்சம் அசைந்திருக்கிறது.

அதற்காக எல்லாம் மாறிவிட்டது என்று கும்மி அடிக்க வேண்டாம். ‘பாகுபலி’யிலேயே, சங்கிலியில் கிடந்து சுள்ளி பொறுக்கும் தேவசேனா அனுஷ்கா, மகனாக வரும் பிரபாஸைவிட இரண்டு வயது இளையவர்.

கீரை மசியல் சாப்பிட்டு முடித்த பிறகு பெரியம்மாவுக்கு ‘சில்லுக்கருப்பட்டி’யைப் போட்டுக் காட்டினேன். நான்கு கதைகளில், வயதான இருவர் ஆஸ்பத்திரியில் சந்தித்துப் பழகுகிற கதை. கலாக்ஷேத்ராவை நடத்திய லீலா சாம்சன் அதில் தனியாக வாழும் பெண். கலியாணம் ஆகாதவள், அதற்காக அழாதவள். ஒரு கிழவர் மெல்ல மெல்லப் பேச்சுக் கொடுக்கிறார். பெரியம்மா என்ன சொல்வார் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். காதலைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. திரைக்குக் கொஞ்சம் கிட்டே நகர்ந்து உட்கார்ந்து, “இந்தம்மா தலைக்கு வெள்ளை அடிச்சிருக்காங்களா, இல்ல அவங்க நரையேதானா?” என்று கேட்டார்.

அவருடைய நரைதான் என்றேன்.

“நல்லா இருக்கு” என்று சொல்லிவிட்டு, பின்கொண்டையில் இருந்து நழுவிய தன் முடியை எடுத்துச் செருகிக்கொண்டார்.